எங்கள் அறையைக் கட்டிய பெண்

ஒரகடத்தில் செல்போன் பாகங்கள் செய்யும் ஒரு கம்பெனியில் அப்போது நான் அசெம்ப்ளி லைனில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். படப்பையில் ஒரு மாடி அறையில் ஏழு பெண்கள் சேர்ந்து தங்கியிருந்தோம். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை வீட்டுக்காரம்மா ஒரு பெண்மணியை மேலே கூட்டி வந்தார். நாற்பது வயது இருக்கும். தொளதொளத்த சட்டை, தோளில் துணிப்பை, கையில் அளவு டேப்.

"சினிமாவுல ஆர்ட் டைரக்டராம். உங்க ரூமப் பாக்கணுமாம்" என்று சொல்லிவிட்டு வீட்டுக்காரம்மா இறங்கிப் போய்விட்டார்.

அவர் வேலை செய்யும் படத்தில் நாயகி எங்களைப் போலக் கம்பெனிக்குப் போகிறவள். நிஜ அறையில் கேமரா வைக்க இடம் போதாது, அதனால் இதே மாதிரி ஓர் அறையைச் செட்டாகப் போட வேண்டும் என்றார். சுவரை அளந்தார், ஜன்னலை அளந்தார். கதவுக்குப் பின்னால் இருந்த ஆணிகளைக்கூட விடவில்லை.

"இந்த ஒரு ஆணி மட்டும் ஏன் இவ்ளோ கீழ இருக்கு?"

"அது எங்க ரூம்ல குள்ளமா ஒரு பொண்ணு கீறா மேடம், அவளோடது. அவ பேக் மாட்டணும்னா எட்டணுமே" என்றேன்.

அவர் நோட்டில் அதையும் எழுதிக்கொண்டார்.

கிளம்பும்போது எங்கள் பழைய பக்கெட், பாய், விளிம்பு உடைந்த கண்ணாடி எல்லாவற்றையும் கேட்டார். பதிலுக்குப் புதிதாக வாங்கித் தருவதாகச் சொன்னார். எங்கள் அறையின் திருநெல்வேலிக்காரி என் காதில், "ஏட்டி, இந்தம்மா கோட்டிக்காரியா?" என்றாள். கொஞ்சம் பைத்தியமோ என்று எனக்கும் தோன்றியது; ஆனாலும் எடுத்துக் கொடுத்தோம்.

அடுத்த இரண்டு வாரங்களில் நான்கைந்து தடவை வந்தார். 'மேடம்' போய் 'அக்கா' ஆனது. மொட்டை மாடியில் டீ குடித்துக்கொண்டே ஒரு நாள் தன் கதையைச் சொன்னார். ஓவியம் படித்துவிட்டு முதன்முதலாக ஒரு படத்துக்கு உதவியாளராகப் போனபோது, தச்சர்கள் அவரைக் காஸ்ட்யூம் பிரிவுக்குப் போகச் சொன்னார்களாம். அவரோ பெயின்ட் டப்பாவைத் தூக்கிக்கொண்டு சாரத்தில் ஏறிவிட்டார். அன்று வரைந்தது கிணற்றுச் சுவரில் பாசி. அப்படியே ஒன்பது வருடம் உதவி வேலை. தனிப் பொறுப்பில் இது மூன்றாவது படம்.

செட் தயாரானதும், "ஒரு தடவை வந்து பாத்து, தப்பு இருந்தா சொல்லு" என்று கூப்பிட்டார். என் வீக்லி ஆஃப் அன்று மத்தியானம் போனேன். வாலாஜாபாத் போகிற வழியில் ஒரு காலி குடோன். உள்ளே பாதி இருட்டில் பிளைவுட் பலகைகளும் முட்டுக் கட்டைகளும்தான் தெரிந்தன. சுற்றிக்கொண்டு முன்பக்கம் வந்தேன்.

எங்கள் அறை நின்றது. ஒரே அலமாரித் தட்டில் மாதா படமும் முருகர் காலண்டரும். ஐடி கார்டுகள் தொங்கும் கயிறு. கதவுக்குப் பின்னால் அந்தத் தாழ்ந்த ஆணி. நான் யோசிக்காமல் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனேன். அக்கா என் காலைப் பார்த்துச் சிரித்தார்.

"போதும். எனக்கு இதுக்கு மேல சர்டிபிகேட் வேணாம்."

அந்த நேரத்தில்தான் டைரக்டர் வந்தார். இளைஞர். ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்துவிட்டு முகம் சுளித்தார்.

"மேடம், ரொம்ப நீட்டா இருக்கே. கஷ்டப்படற பொண்ணுங்க ரூம் மாதிரி தெரியலையே. கொஞ்சம் அழுக்கு பண்ணிடலாமா?"

"அழுக்கு பண்றது எனக்கு அரை மணி நேர வேலை சார்" என்றார் அக்கா, குரலை உயர்த்தாமல். "ஆனா அது இவங்க ரூமா இருக்காது. இதுல தங்கற பொண்ணு இங்கேயே இருக்கா, கேளுங்க."

சூப்பர்வைசரிடம்கூட எதிர்த்துப் பேசிப் பழக்கமில்லை. இருந்தாலும் சொன்னேன்:

"சார், ஏழு பேரு கீறோம். ரெண்டு ஷிப்டு ஆளுங்க. ஒருத்தி எழுந்து போனா இன்னொருத்தி வந்து அதே எடத்துல படுக்கணும். ஒரு நாள் கூட்டலன்னா படுக்கவே முடியாது. இன்னாத்துக்கு சார் அழுக்கா வெச்சிக்குவோம்?"

டைரக்டர் அந்த அலமாரித் தட்டைக் குனிந்து பார்த்தார். பிறகு, "சரி, இப்படியே இருக்கட்டும்" என்று கேமராக்காரரைத் தேடிப் போய்விட்டார். அக்கா என் தோளை ஒரு தடவை அழுத்தினார். டைரக்டர் முன்னாலேயே என் பேச்சை நம்பித் தன் வேலையைப் பணயம் வைத்தாரே என்று வீடு திரும்பும்வரை நினைத்துக்கொண்டே போனேன்.

படம் வந்ததும் ஏழு பேரும் லீவு போட்டுத் தாம்பரத்தில் போய்ப் பார்த்தோம். அந்த அறை வந்தது மொத்தமே சில நிமிடங்கள். கதையில் யாரோ அழுதுகொண்டிருக்க, நாங்களோ "என் பாய்டி! என் பாய்டி!" என்று கத்தி, முன்வரிசைக்காரரிடம் திட்டு வாங்கினோம்.

வெளியே வந்ததும் அக்காவுக்குப் போன் செய்தேன். போனை எடுத்து, குரலைத் தாழ்த்திப் பேசினார்.

"அடுத்த படத்துக்கு கோர்ட் செட் போடணும். ஒரு வாரமா இங்க கோர்ட்டு வராண்டாவுலயே உக்காந்துகினு இருக்கேன். வாய்தாவுக்கு வர்றவங்க சாப்பாட்டுப் பைய எங்க வெக்கிறாங்கன்னு பாத்துக்கினு இருக்கேன். சாயங்காலம் பேசறேன், சரியா?"