பஞ்சர் வேனில் பத்தொன்பது பேர்

அரசியலமைப்புச் சட்டத்தைப் பற்றி நான்கு, மனித உரிமைகளைப் பற்றி இரண்டு, ஆக ஆறு புத்தகங்கள் எழுதியிருக்கிறேன். மொத்தம் ஆயிரத்து எழுநூற்றுப் பன்னிரண்டு பக்கம். எல்லாம் சிவகாசியில், காலண்டர் சீசன் முடிந்து மிஷின் ஓய்ந்த மாதங்களில் அச்சானவை. இத்தனை எழுதியவனுக்கு, ஒரு பெண்ணுக்குத் தண்ணீர் கொடுத்தேன் என்று சொல்ல ஒன்பது நாள் ஆனது.

அன்று காலை ஏழு பத்துக்கு ஒரு பட்டாசுக் கம்பெனி வேன் எங்கள் வீட்டு வாசலில் பஞ்சராகி நின்றது. ஆட்கள் இறங்கினார்கள். எண்ணினேன், அது என் வியாதி. டிரைவர் நீங்கலாகப் பத்தொன்பது. பதினாறு பெண்கள், மூன்று ஆண்கள். பச்சைச் சேலை கட்டிய ஒருத்தி பாட்டிலை நீட்டி, "ஐயா, கொஞ்சம் தண்ணி கிடைக்குமா?" என்றாள். நானே பிடித்துக் கொடுத்தேன்.

பதினொன்றரைக்கு ஆனைக்குட்டம் பக்கம் அந்தக் கம்பெனியின் ஆலை வெடித்தது. எங்கள் வீட்டில் நான்கு ஜன்னல்கள் அதிர்ந்தன.

வேலையில் இருந்தது பதினொரு பேர்தான் என்று கம்பெனி சொன்னதாக மறுநாள் பேப்பரில் வந்தது. படித்துவிட்டு மடித்து வைத்தேன். வேன் நின்றதைப் பற்றி யாரிடமும் மூச்சு விடாதே என்று மனைவியிடம் சொன்னேன்.

ஐந்தாம் நாள், தண்ணீர் கேட்ட பெண்ணின் கணவர் வந்தார். போனில் போட்டோவைக் காட்டினார். அதே முகம். இறந்துபோயிருந்தாள்.

"கம்பெனி நோட்டுல இவ பேரே இல்லையாம் சார். யாருக்கோ சோறு கொண்டாந்தவன்னு சொல்லுதாக. வேலைக்கே வரலைன்னா நட்டஈடு ஏது? ரெண்டு பிள்ளைக இருக்கு. வேன் பஞ்சர், புஸ்தகம் எழுதுற சார் வீட்டுல தண்ணி வாங்குனேன்னு எனக்குப் போன் பண்ணுனா. கூட வந்தவுக யாரும் வாயத் தொறக்கல. அவுகளும் நாளைக்கு வேலைக்குப் போகணும்லா." அலமாரியைப் பார்த்தார். "இம்புட்டும் நீங்க எழுதுனதா? அப்ப உங்களுக்கு என்ன சார் பயம்!"

பார்க்கலாம் என்று சொல்லி அனுப்பினேன். என்ன பயம் என்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. யாரும் மிரட்டவில்லை. தெருவில் ஒரு பைக் இரண்டு தடவை போனது. நம்பரைக் குறித்து வைத்தேன்.

"அது பால்காரர் வண்டி," என்றாள் மனைவி. "உயிர் வாழும் உரிமைக்கு நாப்பத்தொன்பது பக்கம்னு என்கிட்ட எண்ணிச் சொன்னீகளே. செத்துப்போன இந்தப் பிள்ளைக்கு ரெண்டு வரி சொல்ல மாட்டீகளா?"

ஆறு புத்தகங்களையும் புரட்டிப் பார்த்தேன். சாட்சி சொல்வது கடமை என்று மூன்று இடத்தில் எழுதியிருக்கிறேன். பயந்தவன் என்ன செய்ய வேண்டும் என்று எங்குமே இல்லை. நான் எழுதிய குடிமகனுக்கு வயிறு கலங்குவதே இல்லை.

ஒன்பதாம் நாள் சூலக்கரையில் கலெக்டர் ஆபீஸில் விசாரணை. சாட்சி சொல்லப் போனேன். வேனில் எத்தனை பேர் என்று அலுவலர் கேட்டார்.

"சுமார் பதினஞ்சு, இருபது இருக்கும்."

"இந்தப் பொம்பளையப் பாத்தீங்களா?"

"பாத்த மாதிரி இருக்கு."

அப்படியே டைப் செய்தார். கையெழுத்துப் போட்டு வெளியே வந்தேன். கணவர் வேப்பமரத்தடியில் நின்றார்.

"சொல்லிட்டீகளா சார்?"

"சொல்லிட்டேன்."

அவர் என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். கையை உருவிக்கொண்டு திரும்ப உள்ளே போனேன்.

"கையெழுத்துப் போட்டாச்சே சார்?" என்றார் அலுவலர்.

"அது தப்பு. நான் எண்ணினேன். பத்தொன்பது பேர். இந்தப் பெண்ணுக்கு நான்தான் தண்ணீர் பிடித்துக் கொடுத்தேன்."

என்னை ஒரு முறை ஏற இறங்கப் பார்த்துவிட்டு வேறு தாள் எடுத்து, மறுபடி டைப் செய்து தந்தார். "கோர்ட்டுல கேப்பாங்க சார். கம்பெனி வக்கீல், உங்க வயசுக்கு ஞாபகம் தப்பும்னு சொல்லியே மடக்குவாரு. இதுல ஒரு காப்பி கம்பெனிக்கும் போகும். அட்ரஸ் சரியான்னு பாத்துக்கங்க."

பார்த்தேன். கதவு எண் 41 என்பதை 14 என்று அடித்திருந்தார். அப்படியே விட்டால் கம்பெனிக்கு என் வீடு தெரியாது. கோர்ட்டு சம்மனும் வந்து சேராது. எவ்வளவு நேரம் அந்த எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன் என்று தெரியவில்லை.

"நம்பர் தப்பு," என்றேன்.

பேனாவை நீட்டினார். 14-ஐ அடித்துவிட்டு 41 என்று எழுதினேன். ஒன்று ஏழு மாதிரி விழுந்தது. அதையும் அடித்துவிட்டு, மறுபடியும் எழுதினேன்.