மூச்சு விட மறந்த மகள்

புளி உலுக்கும் பருவத்தில் என் மனைவிக்கு ஏழாவது மாதம் நடந்துகொண்டிருந்தது. ஜவ்வாது மலையில், ஜமுனாமரத்தூரிலிருந்து உள்ளே தள்ளி இருக்கிறது எங்கள் ஊர். சாமை விதைப்போம், புளி எடுப்போம். அன்று காலை நான் மரத்தின் மேல் நின்று கிளையை உலுக்க, கீழே மனைவியும் என் அக்காவும் பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். கொஞ்ச நேரத்தில் அக்கா என்னைக் கீழே வரச் சொன்னாள். இறங்கிப் பார்த்தால் மனைவி வேரின் மேல் உட்கார்ந்து கண்ணைக் கசக்கிக்கொண்டிருந்தாள். தலை பிளக்கிறது, கண்ணுக்கு முன்னால் பூச்சி பூச்சியாகப் பறக்கிறது என்றாள். முகம் வீங்கியிருந்தது.

ஜமுனாமரத்தூர் ஆஸ்பத்திரியில் நர்ஸ் ரத்த அழுத்தம் பார்த்தார். பார்த்துவிட்டு, பட்டையை அவிழ்த்து இன்னொரு கையில் சுற்றி மறுபடியும் பார்த்தார். ஊசிகள் போட்டு, ஆம்புலன்ஸை வரவழைத்து ஏற்றிவிட்டார். அமிர்தி வழியாக மலை இறங்கினோம். ஒவ்வொரு வளைவிலும் மனைவியின் கை என் சட்டையைப் பிடித்து இழுத்தது. குழந்தை அசைகிறதா என்று அக்கா கேட்டுக்கொண்டே வந்தாள். அசைகிறது என்று மனைவி சொன்னாள். கேள்வி நிற்கவில்லை. பதில்தான் வரவரச் சின்னதாகிக்கொண்டே வந்தது.

கீழே பெரிய ஆஸ்பத்திரியில், ரத்த அழுத்தம் ஏறிக்கொண்டே போகிறது, இனி வைத்திருக்கக் கூடாது என்று அன்று மத்தியானமே ஆபரேஷன் செய்து குழந்தையை எடுத்தார்கள். பெண். என் முன்கை நீளம்தான் இருந்தாள். தோலுக்கு அடியில் நரம்பெல்லாம் தெரிந்தது. அழுதாள், ஆனால் அந்தச் சத்தம் பக்கத்தில் நின்ற அக்காவுக்குக் கேட்கவில்லை. ஒரே ஒரு பார்வை காட்டிவிட்டு, பச்சிளம் குழந்தைகள் பிரிவுக்குள் கொண்டுபோய்விட்டார்கள். மனைவிக்கு ரத்த அழுத்தம் இறங்கவில்லை. அவளை வேறு ஒரு கட்டடத்தில், வேறு ஒரு மாடியில் வைத்திருந்தார்கள். அக்கா அங்கே, நான் இங்கே என்று பிரிந்து நின்றோம்.

மறுநாள் கையைக் கழுவி, மேலங்கி போட்டுக்கொண்டு உள்ளே போகச் சொன்னார்கள். சூடு தரும் விளக்குக்குக் கீழே படுத்திருந்தாள். மூக்கில் குழாய், காலில் சிவப்பாக ஒளிரும் ஒரு பட்டை, பக்கத்தில் எண்கள் ஓடும் பெட்டி. அவள் நெஞ்சுக்கூடு வேகவேகமாக ஏறி இறங்கியது. பார்த்துக்கொண்டே இருந்தேன். ஏறியது, இறங்கியது, அப்படியே நின்றுவிட்டது. தூங்குகிறாள் என்றுதான் முதலில் நினைத்தேன். அப்புறம் உதட்டைச் சுற்றி நீலம் பரவியது. பெட்டி அலறியது. ஒரு நர்ஸ் வந்து அவள் உள்ளங்காலை விரலால் சுண்டினார். ஒன்றும் ஆகவில்லை. மறுபடியும் சுண்டி, முதுகைத் தேய்த்தார். உடம்பு ஒரு தடவை உதறி, மூச்சு வந்தது. நர்ஸ் எண்களைப் பார்த்துவிட்டு அடுத்த குழந்தையிடம் போய்விட்டார். நான் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்துவிட்டேன்.

டாக்டரம்மா அப்புறம் என்னைக் கூப்பிட்டு விளக்கினார். மூளையில் மூச்சு விடச் சொல்லும் இடம் இன்னும் முதிரவில்லையாம். வயிற்றுக்குள் இருந்திருந்தால் அதற்கு அந்த வேலையே இல்லை. அவசரமாக வெளியே வந்துவிட்டதால் நடுநடுவே மூச்சு விட மறந்துவிடுகிறதாம். ஒரு மருந்து தொடங்கியிருக்கிறோம், காஃபின் என்று பெயர், காபியில் இருப்பதுதான் என்றார். நான் தலையாட்டினேன். காபி என்ற சொல்லுக்குப் பிறகு அவர் பேசியது எதுவும் என் காதில் ஏறவில்லை.

வெளியே வந்து, குழந்தையைப் பற்றிக் கேட்க வந்திருந்த அக்காவிடம் சொன்னதுதான் தப்பாகிப் போனது. காத்திருக்கும் கூடத்தில் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தெரிந்துவிட்டது. வாணியம்பாடியிலிருந்து பேரக் குழந்தைக்காக வந்திருந்த பெரியவர் ஒருவர், எதற்கும் டாக்டரையே இன்னொரு தடவை கேட்டுவிடுங்கள் தம்பி என்று நல்ல விதமாகச் சொன்னார். இன்னொரு அம்மாள், பெரியவர்களுக்கே காபி குடித்தால் நெஞ்சு படபடக்கிறது, இந்த உயிருக்கு என்ன ஆகும் என்றாள். அக்கா என் கையைப் பிடித்தாள். "வேணாம்னு சொல்லிடு தம்பி. வூட்டுக்குத் தூக்கினு போய்டலாம். அங்க வெச்சிப் பாத்துக்கலாம்."

அவள் பயம் எனக்குள்ளும் இருந்தது. கொடுத்தால் இதயம் தாங்காது. கொடுக்காவிட்டால் மூச்சு நின்றுவிடும். இரண்டு பக்கமும் குழியாக இருந்தால் மனுசன் எந்தப் பக்கம் கால் வைப்பான்? கதவருகே நின்று டாக்டரம்மா வெளியே வரும்வரை காத்திருந்தேன்.

"மேடம், அந்த மருந்தால குழந்தைக்கு இன்னாவாச்சும் ஆயிடுமா?" என்று கேட்டேன்.

அவர் அவசரப்படவில்லை. "இதயத் துடிப்பு கொஞ்சம் வேகமாகும். அதைத்தான் பெட்டியில பாத்துட்டே இருக்கோம். அதிகமானா அளவைக் குறைப்போம். எல்லாக் குழந்தைக்கும் ஒரே மாதிரி வேலை செய்யும்னு நான் சொல்ல மாட்டேன். ஆனா மருந்து இல்லாம விட்டா எனக்குப் பயம்" என்றார்.

தனக்கும் பயம் என்று ஒரு டாக்டர் சொல்லி நான் கேட்டதில்லை. மருந்தைத் தொடர்ந்து கொடுங்கள் என்றேன். அக்கா அன்று முழுக்க என்னோடு பேசவில்லை.

மருந்து வேலை செய்தது, ஆனால் நாங்கள் வேண்டிக்கொண்ட மாதிரி ஒரேயடியாக அல்ல. மூச்சு நிற்பது குறைந்தது. குறைந்ததே ஒழிய, போகவில்லை. நாளெல்லாம் சும்மா இருந்துவிட்டு, நாம் கொஞ்சம் தளர்ந்து உட்காரும்போது பெட்டி அலறும். அந்த அறையில் பெட்டிகள் நிறைய. எது கத்தினாலும் எல்லாப் பெற்றவர்களும் ஒன்றாக நிமிர்வோம். யாருடையது என்று தெரிந்ததும் மற்றவர்கள் தலையைக் குனிந்துகொள்வோம். அந்த ஒருத்தர் முகத்தை யாரும் பார்க்க மாட்டோம். ஒரு நாள் காலை எங்களுக்குப் பக்கத்துப் படுக்கை காலியாக இருந்தது. புது விரிப்பு விரித்திருந்தார்கள். அந்தக் குழந்தை எங்கே என்று நான் கேட்கவில்லை. இன்றுவரை தெரியாது.

மூக்குக் குழாய் எடுத்த பிறகு, குழந்தையை நெஞ்சோடு அணைத்து வைத்துக்கொள்ள வேண்டும் என்றார்கள். அம்மாதான் செய்ய வேண்டும். அம்மாவால் இன்னும் எழுந்து வர முடியவில்லை. "அப்பா நெஞ்சும் சூடாத்தான் இருக்கும், சட்டையைக் கழட்டுங்கண்ணா" என்றார் நர்ஸ். சாய்வு நாற்காலியில் உட்கார்ந்தேன். மரம் ஏறி ஏறிக் காய்ப்பு விழுந்த என் மார்பின் மேல் அவளை நிமிர்த்தி வைத்து, துணியால் சுற்றிக் கட்டினார். எடையே இல்லை. நான் மூச்சை ஆழமாக இழுத்தால் அவளுக்கு நசுங்கிவிடுமோ என்று பயந்து, மேலோட்டமாகவே விட்டுக்கொண்டிருந்தேன். அவள் மூச்சு என் தோலில் பட்டது. துளித்துளியாக, ஈரமாக.

பிறகு படவில்லை.

பெட்டிக்கு முன்னாலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்தும் கை அசையவில்லை. கத்த வேண்டும் என்று நினைத்தேன், வாய் திறக்கவில்லை. பெட்டி அலறத் தொடங்கியது. நர்ஸ் எதிர்ப்பக்கத்தில் இன்னொரு குழந்தைக்கு ஊசி ஏற்றிக்கொண்டிருந்தார். அங்கிருந்தே, "அண்ணா, துணிக்குள்ள கைய விட்டு உள்ளங்கால தேய்ங்க. பயப்படாதீங்க, அழுத்தியே தேய்ங்க" என்றார். கையை விட்டேன். என் கட்டைவிரலும் அவள் பாதமும் ஒரே அளவு. தேய்த்தேன். இன்னும் அழுத்தித் தேய்த்தேன். கோழிக்குஞ்சு சிலிர்ப்பதைப் போல அவள் முதுகு சிலிர்த்தது, ஈரம் மறுபடியும் என் மார்பில் பட்டது. நர்ஸ் வந்து சேர்ந்தபோது நான் அழுதுகொண்டிருந்தேன். அவர் குழந்தையின் தலையைக் கொஞ்சம் நிமிர்த்தி வைத்துவிட்டு, இன்னும் கொஞ்ச நேரம் வைத்திருங்கள் என்றார். எனக்கு அவளை இறக்கி வைத்துவிட்டு ஓடிவிடலாம் போல இருந்தது. வைத்திருந்தேன்.

மனைவியைச் சக்கர நாற்காலியில் அழைத்து வந்த நாளில், அவளிடம் எதையும் சொல்லக் கூடாது என்று அக்காவும் நானும் பேசி வைத்திருந்தோம். அவளோ ஏற்கெனவே கேள்விப்பட்டிருந்தாள். குழந்தையை நெஞ்சில் வைத்ததும் அவள் முதலில் கேட்டது, "நின்னா எங்க தேய்க்கணும்? காட்டுங்க" என்பதுதான். காட்டினேன். அவள் விரல்கள் அந்த இடத்தைக் கற்றுக்கொண்டன.

மருந்து தொடங்கியபோது பயந்ததைவிட, நிறுத்தியபோதுதான் அதிகம் பயந்தேன். எடை கூடிவிட்டது, நாள் நிறைகிறது, இனி மருந்து இல்லாமல் மூச்சு விடுகிறாளா என்று பார்க்க வேண்டும் என்றார் டாக்டரம்மா. சில நாள் நிற்காமல் இருந்தால்தான் வீடு. அதே அக்கா இப்போது, இன்னும் கொஞ்ச நாள் கொடுக்கச் சொல் தம்பி என்றாள். எல்லாம் நன்றாகப் போய்க்கொண்டிருந்தபோது, பால் குடித்த களைப்பில் ஒரு முறை மூச்சு நின்றது. யாரும் தொடுவதற்குள் அவளாகவே மூச்சை இழுத்துக்கொண்டாள். இருந்தாலும் காத்திருப்பு முதலிலிருந்து தொடங்கியது. அதன் பிறகு நிற்கவில்லை.

வீட்டுக்குக் கிளம்பும்போது பெட்டியைக் கழற்றினார்கள். அந்தச் சத்தத்தை எவ்வளவு வெறுத்தேன். மலை ஏறும் வழியெல்லாம் அந்தச் சத்தம் இல்லையே என்றுதான் தவித்தேன். மனைவி மடியில் குழந்தை தூங்கினாள். என் விரல் அவள் மூக்கடியிலேயே இருந்தது. வண்டி குலுங்கும்போது எது அவள் மூச்சு, எது காற்று என்று தெரியவில்லை. வீட்டுக்கு வந்த பிறகும் நான் காட்டுக்குப் போகவில்லை. சாமை விதைப்புக்கு மழை வந்தும் போகவில்லை. ஒரு நாள் காலை அவள் அசையாமல் கிடந்ததைப் பார்த்து, ஓடிப்போய் உள்ளங்காலைச் சுண்டினேன். அலறி எழுந்தாள். மனைவி என் கையைப் பிடித்து விலக்கினாள். "தூங்கறவள தூங்க வுடுங்க. நீங்க போய் விதைங்க. நான் இருக்கேன்ல." அவள் கண்ணைப் பார்த்தேன். அவளும் எத்தனையோ நாளாகத் தூங்கவில்லை. இருந்தும் என்னை அனுப்பினாள். போனேன். ஒவ்வொரு சாலுக்கும் ஒருமுறை வீட்டுப் பக்கம் திரும்பிப் பார்த்துக்கொண்டே உழுதேன்.

நடக்கத் தொடங்கிய வயதில் ஒரு தடவை, வெல்லம் தரவில்லை என்று அழுதவள் அழுகையின் உச்சியில் அப்படியே நின்றுபோனாள். வாய் திறந்திருக்கிறது, சத்தம் இல்லை, உதடு நீலம். நான் கையில் இருந்த சொம்பைப் போட்டுவிட்டேன். மனைவி முகத்தில் ஊதினாள், மூச்சு வந்தது, அழுகை தொடர்ந்தது. தூக்கிக்கொண்டு ஜமுனாமரத்தூருக்கு ஓடினோம். அங்கிருந்த டாக்டர் நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டார், ரத்தமும் எடுத்துப் பார்த்தார். பிறந்தபோது நின்றது வேறு, இது வேறு, கோபக்காரப் பிள்ளைகள் சிலது இப்படிச் செய்யும், வளர வளரப் போய்விடும் என்றார். அவர் சொன்ன மாதிரியே போய்விட்டது.

இப்போது அங்கன்வாடிக்குப் போகிறாள். மேட்டில் ஓடி ஏறி, மூச்சிரைக்க என் முன்னால் வந்து நிற்பாள். எனக்கு அந்த இரைப்பைக் கேட்டுக்கொண்டே இருக்கலாம் போல இருக்கும். அவளுக்கு அதற்கெல்லாம் பொறுமை கிடையாது. தூக்கு என்று இரண்டு கையையும் நீட்டுவாள்.