கட்டியங்காரன் பெயரை எழுதிவிட்டேன்

நான் ஒரு நாளிதழின் நிருபர். நெய்வேலிக்குப் பக்கத்தில், சுரங்கத்துக்கு நிலம் எடுத்துக்கொண்டிருந்த கிராமத்தில் பாரதக் கூத்து பல இரவுகளாக நடந்தது. நிலம் எடுப்பதைப் பற்றிப் பேசக்கூடாது என்பது போலீஸ் நிபந்தனை.

ஊசி முனை நிலமும் தரமாட்டேன் என்று துரியோதனன் கர்ஜித்ததும், கோமாளியாக வரும் கட்டியங்காரன் கும்பிட்டார். "நீங்க பரவால்லீங்க ராஜா, தரமாட்டேன்னுதான் சொல்றீங்க. எங்ககிட்ட ஊசி முனையக்கூட வுடாம புடுங்கிகினு போறாங்க."

கூட்டத்தோடு, காவலுக்கு வந்திருந்த இன்ஸ்பெக்டரும் சிரித்தார். கட்டியங்காரன் பேச்சை யாரும் குற்றமாக எடுப்பதில்லை. கூத்தில் சொன்னது கூத்தோடு போய்விடும். நான் அதைப் பாராட்டி, அவர் பெயரைப் போட்டு எழுதினேன்.

செய்தி வந்த அன்றே அவரை ஸ்டேஷனுக்கு அழைத்தார்கள். இனி வாய் திறந்தால் மீதிக் கூத்துக்கு அனுமதி இல்லை என்றார்கள்.

மன்னிப்புக் கேட்கப் போனேன். "பேப்பர்ல பேரு வந்துடுச்சுல்ல, அதப் பாத்துகினே குந்தட்டும்" என்றார் அவர் மனைவி.

அவர் கோபப்படவில்லை. "சிரிச்சிட்டு வூட்டுக்குப் போற பேச்சுங்க அது. நீங்க சாட்சியாக்கிட்டீங்க."

அடுத்த கூத்தில் அவர் பேச வேண்டிய இடம் வந்தது. கும்பிட்டபடி பேசாமல் நின்றார். கூட்டம் சிரித்தது, சிரிப்பு அடங்கவே இல்லை. இன்ஸ்பெக்டர் திரும்பி என்னைப் பார்த்தார்.

அதை நான் செய்தியாக்கவில்லை. அவரைக் காப்பாற்றினேனா, பயந்துவிட்டேனா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை.