தொண்ணூறு என்று எடுத்த குவியல்

பண்டைய எகிப்தின் கெப்து படித்துறைக் களஞ்சியத்தில் எழுத்தர் சேன்பி போலக் கணக்குப் போட ஆளில்லை என்று ஊரே சொல்லும். அவருக்கும் அதில் கொஞ்சம் தலைக்கனம்தான். தெரியாத எண்ணுக்கு அங்கே ‘குவியல்’ என்று பேர். குவியலில் இத்தனை பங்கு போனால் மீதி இவ்வளவு, அப்படியானால் குவியல் எவ்வளவு? முதலில் தோதான ஒரு பொய் எண்ணை எடுத்துப் போட்டுப் பார்ப்பார்கள். வந்த விடையை எத்தனை மடங்காக்கினால் வேண்டிய மீதி வருமோ, அத்தனை மடங்காக அந்தப் பொய் எண்ணையும் பெருக்குவார்கள். கடைசியில் திரும்பப் போட்டுச் சரிபார்க்காமல் எழுத்தர் எழுந்திருக்கக் கூடாது.

அந்த வருஷம் பாலைவனக் கல்மலைக்குத் தானியம் போக வேண்டியிருந்தது. மேலாளர் நெஹ்ரி அவசரப்படுத்தினார்.

“மூணுல ஒரு பங்கை ஆளும் கழுதையும் வழியிலேயே தின்னுரும். மலையில எண்பது மூட்டை இறங்கணும். எவ்வளவு ஏத்தறது? சீக்கிரம் சொல்லுய்யா!”

சேன்பி தொண்ணூறு என்று எடுத்தார். முப்பது போனால் அறுபது. எண்பது வேண்டுமே! அறுபதோடு அதன் மூன்றில் ஒரு பங்கைச் சேர்த்தால்தான் எண்பது. தொண்ணூறையும் அப்படியே கூட்ட வேண்டியதுதான் பாக்கி. அந்த நேரம் பார்த்தா திருவிழாப் பீர் வந்து இறங்க வேண்டும்!

“சேன்பி, நுரை அடங்குதுய்யா!” என்று கூட்டாளிகள் கூப்பிட்டார்கள்.

“தொண்ணூறு ஏத்து!” என்று கத்திவிட்டு ஓடினார் மனிதர். பொய் எண்ணையே விடையாகச் சொல்லிவிட்டோம் என்பது அவர் புத்தியில் ஏறவேயில்லை.

மலையில் இறங்கியது அறுபது. கல் வெட்டும் ஆட்கள் பட்டினியில் வாடித் திரும்பினார்கள். பழி கழுதைக்காரன் ஷெமாய் தலையில் விழுந்தது. களஞ்சிய முற்றத்தில் அவனைக் குப்புறத் தள்ளினார்கள்.

“இருபது மூட்டைய எங்கடா வித்த?” என்றார் நெஹ்ரி.

“சத்தியமா இல்லீங்கய்யா! தொண்ணூறு ஏத்துனீங்க. வழிக்கு முப்பது போச்சு. மீதிய அப்படியே இறக்கினேன். சேன்பிண்ணே, நீங்களாவது சொல்லுங்களேன்!”

காவலன் கம்பை ஓங்கினான். சேன்பிக்குத் தன் தப்பு சட்டென்று விளங்கிவிட்டது. அப்போதே வாயைத் திறந்திருக்க வேண்டாமா? அவரோ ஒரு பானையோட்டை எடுத்து, குனிந்து, கணக்கை முதலிலிருந்து எழுத ஆரம்பித்தார். மேலாளர் முன்னால் தப்பாகப் பேசிவிட்டால் மானம் போய்விடுமாம்! தொண்ணூறும் அதில் மூன்றில் ஒரு பங்கும் நூற்றிருபது. திரும்பப் போட்டார். நாற்பது போனால் எண்பது. மூட்டை ஏற்றும்போது வராத பொறுப்பு, கம்பு விழும்போது வந்துவிட்டது.

“நிறுத்துங்க! தப்பு என்னோடது. நூத்திருபது ஏத்தியிருக்கணும்!” என்று அவர் அலறியபோது ஷெமாயின் முழங்கால் நொறுங்கியிருந்தது.

சேன்பிக்குக் கிடைத்தது நாலு வசவுதான். ஷெமாயால் அதன்பின் பாலைவனத்தில் நடக்க முடியவில்லை. கழுதைகளை வேறொருவன் ஓட்டிப் போனான். சேன்பி ரொட்டியும் வெங்காயமும் எடுத்துக்கொண்டு ஷெமாய் வீட்டுக்குப் போய்க் கூனிக்குறுகி உட்கார்ந்தார்.

“கம்ப ஓங்கினப்பவே உங்க முகத்தப் பாத்தேண்ணே. உங்களுக்கு விளங்கிருச்சுன்னு எனக்குத் தெரிஞ்சுது. அப்புறம் ஏன் குனிஞ்சுக்கிட்டீங்க?”

“சரிபாத்துக்கிட்டிருந்தேன், தம்பி.”

ஷெமாய் காலை மெல்ல நகர்த்தி வைத்துக்கொண்டான்.

“சரியா வந்துச்சா?”

“வந்துச்சு” என்றார் சேன்பி. அதற்கு மேல் அவரால் அழுகையை அடக்க முடியவில்லை.