லோகா பெயரில் போன முதல் தட்டு

என் தங்கை லோகேஸ்வரி, எங்களுக்கு லோகா, ஜெயித்தவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். எங்கள் தோட்டத்துக் கோயிலில் அன்னதானச் சமையல் ஆண்கள் கையில்தான் இருந்தது. பெண்கள் காய் நறுக்கிக் கொடுப்பதோடு சரி. அங்கே சாம்பார் அண்டாவைத் தன் பொறுப்பில் வாங்கினாள். எழுதப் படிக்கத் தெரியாமலே, கேள்விகளை வாசிக்கச் சொல்லிக் காதால் கேட்டு, மோட்டார் சைக்கிள் லைசென்ஸ் எடுத்தாள். பக்கத்து ஊரான பெண்டாங்கில் நடந்த சமையல் போட்டியில் மீன் கறிக்கு இரண்டாம் பரிசு வாங்கினாள். முதல் பரிசு நடுவரின் மைத்துனிக்குப் போனது என்று நான் சொன்னால் அவளுக்குக் கோபம் வரும், ஆனால் போனது அப்படித்தான். கடைசியாக, பூஞ்சணம் பூத்த சீஸைப் பூண்டோடு குழைத்து, ஒரு மண்டபம் நிறைய ஆட்களைத் தட்டை வழித்துச் சாப்பிட வைத்தாள். அந்தக் கடைசியைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

நான் மருதம்மாள், அவளுக்கு மூத்தவள். குருணில் தையல் கடை வைத்திருக்கிறேன். நாங்கள் பிறந்தது குருணிலிருந்து யான் என்ற ஊருக்குப் போகும் வழியில் உள்ள ஒரு தோட்டத்தில். அப்போது ரப்பர், இப்போது எண்ணெய் எடுக்கும் செம்பனை. இருவரும் தோட்டத்துப் பள்ளியில் ஆறாம் வகுப்புவரை இருந்தோம். நான் படித்தேன். அவள் உட்கார்ந்திருந்தாள். எழுத்தைப் பார்த்தால் அது நகர்ந்து போகிறது என்பாள். வாத்தியார்கள் அடித்துப் பார்த்தார்கள், பிறகு விட்டுவிட்டார்கள். கல்யாணப் பதிவில் கட்டைவிரல் வைத்தாள். பேங்கிலும் விரல்தான். இது வெளியே யாருக்கும் தெரியாது. நானும் அவள் வீட்டுக்காரர் ரவிச்சந்திரனும் சொன்னதில்லை.

குருண் கடைத்தெருவில் முகம்மது ஹனீபா பாய் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். மாடியில் மண்டபம். லோகா அங்கே வேலைக்குச் சேர்ந்தது பூண்டு உரிக்க. கொஞ்ச நாளில் பிரியாணிக்கு ஊற்றும் பருப்புக் குழம்பான டால்ச்சா, பச்சடி, மீன் தலைக் கறி எல்லாம் அவள் கைக்கு வந்தன. ஆனால் எதுவும் அவள் பெயரில் மாடிக்குப் போகவில்லை. அதற்குக் காரணம் பாய் வைத்திருந்த ஒரு வழக்கம்.

முன்பு ஒரு விருந்தில் குழம்பு கெட்டுப்போய், சமையல்காரர்கள் ஒருவரை ஒருவர் கைகாட்டியிருக்கிறார்கள். அன்றிலிருந்து மண்டபத்துக்குப் போகும் ஒவ்வொரு தட்டின் மூடியிலும் ஒரு சீட்டு ஒட்ட வேண்டும். பதார்த்தத்தின் பெயர், தேதி, செய்தவர் கையெழுத்து. கையெழுத்து இல்லாத தட்டு படியேறாது.

சீட்டு வரும் நேரம் பார்த்து லோகா குழாயடிக்குப் போய்விடுவாள்.

"கை ஈரமா இருக்கு, நீங்களே போட்டுடுங்க அண்ணே" என்பாள் தலைமைச் சமையல்காரர் ரஹ்மத் அண்ணனிடம். அவரும் போடுவார். மாடியிலிருந்து யாராவது இறங்கி வந்து டால்ச்சாவைப் புகழ்ந்தால், அவர் தாடையால் பின்பக்கம் காட்டுவார். யாரும் அந்தப் பக்கம் பார்க்க மாட்டார்கள். மூடியில் இருப்பது அவர் பெயர்தானே.

கடையின் முன்பக்கம் ரோஜாக் என்ற காய்க் கலவை விற்றவர் ஊருக்குப் போன பிறகு, அந்தக் கவுண்ட்டர் காலியாகக் கிடந்தது. லோகா அதைக் கேட்டாள். தன் கையால் செய்து தானே விற்க வேண்டும் என்பது அவளுடைய வெகுநாள் ஆசை. பாய் நல்ல மனிதர், ஆனால் கறாரானவர்.

"முன்னால நிக்கிற ஆளோட பேரு சனங்களுக்குத் தெரிஞ்சிருக்கணும்லா. உன் பேருல இதுவரைக்கும் ஒரு தட்டாச்சும் மேல போயிருக்கா, சொல்லு? ஒண்ணு போகட்டும், கவுண்ட்டர் உனக்குத்தான்."

லோகா பூண்டு உரிக்கப் போய்விட்டாள். அன்று மாலை என் கடைக்கு வந்து, தைக்காத துணியை மடித்து மடித்து வைத்துக்கொண்டிருந்தாள். கேட்ட பிறகுதான் சொன்னாள்.

அந்தச் சமயத்தில்தான் பாயின் மகள் இஸ்ஸதிக்கு நிச்சயதார்த்தம் வந்தது. இஸ்ஸதி வெளிநாட்டில் படித்தவள், லங்காவியில் ஹோட்டல் வேலையில் இருந்தாள். மாப்பிள்ளை லுக்மான், பெண்டாங் மலாய்க் குடும்பம். பிரியாணிக்கு முன்னால் விருந்தாளிகள் கொறிக்க, ரொட்டியில் தடவிய பூண்டு நீலச் சீஸ் வேண்டும் என்று அவள் பிடிவாதமாக இருந்தாள். பினாங்கிலிருந்து ஹலால் முத்திரை போட்ட சீஸாகப் பார்த்து இரண்டு கட்டி வாங்கி, ஐஸில் வைத்துக் கொண்டுவந்தாள். பூண்டு என்றால் லோகா அக்காதான் என்று அவளிடம் கொடுத்து, ஒரு கட்டியில் முதலில் செய்து பார்க்கச் சொன்னாள். ஹோட்டலில் கேட்டு வைத்திருந்த செய்முறையை வாயால் சொல்லிவிட்டு, நீலம் என்றால் என்ன என்று விளக்காமலே மருதாணி வைக்கப் போய்விட்டாள்.

விருந்து வேலைக்கு நானும் கூடமாட உதவப் போவேன். விருந்து சனிக்கிழமை, அன்று வியாழக்கிழமை. லோகா உறையைப் பிரித்தாள். உள்ளே வெள்ளைக் கட்டி, அதில் நீலமும் பச்சையுமாகக் கோடு கோடாக ஓடியிருந்தது.

"பாவம் அக்கா, அந்தப் பிள்ளையை ஏமாத்திட்டாங்க" என்றாள். "ஐஸ்ல வச்சும் கெட்டுப்போச்சு."

ஊறுகாய் ஜாடியில் மேலே பூஞ்சணம் படிந்தால் எங்கள் வீடுகளில் ஜாடியைக் கொட்ட மாட்டோம். மேலே உள்ளதை வழித்துவிட்டு, அடியில் உள்ளதைச் சாப்பிடுவோம். அதே அக்கறையோடு லோகா ஒரு சின்னக் கத்தியை எடுத்து, நீலம் இருந்த இடத்தையெல்லாம் தோண்டி எடுத்தாள். ஒரு புள்ளி விடவில்லை. குப்பையில் போட்டு, வாடை வரக்கூடாது என்று அதன் மேல் வெங்காயத் தோலையும் கொட்டினாள். மிச்சம் வெள்ளையை வெண்ணெயோடும் பூண்டோடும் குழைத்து, அகலமான தட்டில் பரப்பினாள். பார்க்க அழகாகத்தான் இருந்தது.

மாலையில் இஸ்ஸதி வந்து, மருதாணிக் கையை நீட்டாமல் வாயை மட்டும் திறந்தாள். லோகா ஊட்டிவிட்டாள்.

"அக்கா, நீலம் எங்கே?"

"ஒண்ணும் பயப்படாதம்மா. பொறுக்கி எடுத்துக் குப்பையில போட்டுட்டேன். கொஞ்சம்கூட இல்ல."

இஸ்ஸதி சுவரில் சாய்ந்து சிரித்தாள். சிரித்து முடிய வெகுநேரம் ஆயிற்று. "அக்கா, அந்த நீலத்துக்குத்தானே காசு! தயிருக்கு உறை ஊத்துற மாதிரி, அதை வேணும்னே விட்டு வளர்க்கிறாங்க. அதுதான் ருசியே."

லோகாவும் சிரித்துவிட்டாள். பிறகு இரண்டாவது கட்டியைப் பிரித்து, நீலக் கோட்டிலிருந்து ஒரு துணுக்கை எடுத்து நாக்கில் வைத்தாள். முகம் சுளித்தது. கொஞ்சம் பொறுத்தாள். இன்னொரு துணுக்கு எடுத்தாள்.

"நல்ல கருவாட்டு வாசனை மாதிரி இருக்கு அக்கா. முதல்ல தள்ளிவிடுது, அப்புறம் கூப்பிடுது. பச்சைப் பூண்டு போட்டா ரெண்டும் சண்டை போடும். பூண்டைச் சுட்டுப் போடணும்."

இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்த ரஹ்மத் அண்ணன் தலையாட்டினார். "நீ என்ன வேணும்னாலும் செய் லோகா. ஆனா சீட்டுல என் பேரு வராது. முப்பது வருசமா அடுப்படியில நிக்கிறேன், பூஞ்சணத்துக்கு நான் கையெழுத்துப் போடவா? சம்பந்தி வீட்டுக்காரங்க என்னைப் படிக்கட்டுலேயே உருட்டி விட்டுருவாங்க."

எல்லோரும் சிரித்தார்கள். லோகா சிரிக்கவில்லை. குழாயடிக்குப் போகவும் இல்லை. அந்தத் தட்டுக்குக் கையெழுத்துப் போட இனி அவளைத் தவிர ஆள் கிடையாது. அவள் போடாவிட்டால் தட்டு கீழேயே நிற்கும், கவுண்ட்டரும் போகும்.

மற்றவர்கள் தேநீருக்குப் போன பிறகு என்னைக் கூப்பிட்டாள். "லோகேஸ்வரி வேணாம், நீளம். லோகா மட்டும் எப்படி இருக்கும்?"

வீணாய்ப்போன அந்த வெள்ளைச் சீஸ் தட்டு மேசைமேல் இருந்தது. அதன் ஓரத்தில் கரண்டிக் காம்பால் ஒருமுறை எழுதிக் காட்டினேன். அதற்குமேல் நான் ஒன்றும் செய்யவில்லை. அவள் என் எழுத்தைப் பார்த்தே காய் நறுக்கும் பலகைமேல் விரலை ஓட்டினாள். பிறகு வெண்ணெய்க் கத்தியை எடுத்து, அதன் முனையால் சீஸில் எழுதினாள். கோணிப்போனது. கத்தியின் தட்டைப் பக்கத்தால் வழித்துச் சமமாக்கினாள். மறுபடி எழுதினாள். பேனாவைப் பிடித்தால் அவளுக்கு விரல் விறைத்துவிடும். கத்தி பிடிப்பதோ சோற்றில் கை வைப்பது மாதிரி.

"இங்க எழுத்து நகர மாட்டேங்குது அக்கா" என்றாள். "சீஸ் பிடிச்சு வச்சுக்குது."

வெள்ளிக்கிழமையும் வேலைக்கு நடுநடுவே குளிர்பெட்டியிலிருந்து அந்தத் தட்டை எடுத்து எழுதினாள். மாலையில் ஹனீபா பாய் தெரியாமல் அதில் ஒரு துண்டு ரொட்டியைத் தோய்த்து வாயில் போட்டுவிட்டு, "என்ன இது, உப்புமில்ல உறைப்புமில்ல?" என்று கேட்டார். அவர் தின்றது 'லோ' என்பது எனக்கும் அவளுக்கும்தான் தெரியும்.

சனிக்கிழமை காலை வேலையை நான் அருகிலிருந்து பார்த்தேன். முழுப் பூண்டுகளின் தலையைச் சீவி, எண்ணெய் தடவி, அலுமினியத் தாளில் சுற்றி, சாத்தே என்ற கறிக்குச்சிகளைச் சுடும் கரியடுப்பின் ஓரத் தணலில் வைத்தாள். அவசரப்படவில்லை. விரலால் அழுத்திப் பார்த்து, உள்ளே குழைந்தது என்று தெரிந்த பிறகே எடுத்தாள். பல்லைப் பிதுக்கினால் பழுப்பு நிறத்தில் வெண்ணெய்போல வழுக்கி விழுந்தது. அதை உப்போடு மசித்து, வெண்ணெயும் க்ரீம் சீஸும் சேர்த்தாள். நீலச் சீஸை மட்டும் கடைசியில் கையால் உதிர்த்துப் போட்டு முள்கரண்டியால் லேசாகப் புரட்டினாள். மிக்சியில் அடித்தால் எல்லாம் சாம்பல் நிறமாகிவிடும், நீலம் தெரிய வேண்டும் என்றாள். முந்தாநாள் நீலத்தைக் குப்பையில் போட்டவள்! மிளகுத் தூள், கொஞ்சம் எலுமிச்சைச் சாறு. பெங்காலி ரொட்டி என்ற தடித்த பேக்கரி ரொட்டியைத் துண்டு போட்டு முறுகலாக வாட்டி, மேலே தடவி, பொரித்த பூண்டுச் சீவலும், கொத்தமல்லி மாதிரி இருக்கும் சூப் இலையும் தூவினாள்.

மதியம் மாப்பிள்ளை வீட்டார் வந்துவிட்டார்கள். ரஹ்மத் அண்ணன் சீட்டுகளைக் கொண்டுவந்தார். 'பூண்டு சீஸ்' என்று எழுதி, தேதி போட்டு, கீழே இடம் விட்டு அவள் முன்னால் வைத்தார். பாய் படியருகே நின்றார். லோகா கைகளைப் பார்த்தாள். உண்மையிலேயே ஈரம்.

ரஹ்மத் அண்ணன் தோளில் கிடந்த துண்டை எடுத்து நீட்டினார்.

"கை ஈரமா இருந்தா துடைச்சுக்க. நான் அவசரப்படுத்தல."

அவருக்கு எத்தனை காலமாகத் தெரியும் என்பதை நான் இன்றுவரை கேட்கவில்லை. லோகா துடைத்தாள். பேனாவை வெண்ணெய்க் கத்திபோலப் படுக்கவைத்துப் பிடித்து, மெதுவாக எழுதினாள். பாய் குனிந்து பார்த்தார். "சரி, ஏத்து" என்றார்.

மாடியில் சிக்கல் காத்திருந்தது. மாப்பிள்ளையின் அம்மா ஒரு துண்டை எடுத்து, நீலத்தைப் பார்த்து, திரும்ப வைத்துவிட்டார். கெட்டுப்போயிருக்கிறது என்று மலாயில் பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னது எல்லோர் காதிலும் விழுந்தது. நீண்ட கைகள் எல்லாம் நின்றன. இஸ்ஸதி மூடியை எடுத்து அவர்முன் வைத்து, "செஞ்சவங்க பேரு இதுல இருக்கு, கூப்பிட்டே கேளுங்க" என்றாள்.

லோகா ஏப்ரனோடு மேலே போனாள். நான் படியில் நின்றேன். என் தங்கை மலாயில் பேசியதை அப்படியே தமிழில் தருகிறேன், பெரியம்மா மாதிரி கூப்பிடும் 'மக்சிக்' ஒன்றைத் தவிர:

"மக்சிக், நானும் அப்படித்தான் நினைச்சேன். முதல் கட்டியில நீலம் முழுக்க வெட்டி எறிஞ்சேன். மிச்சம் இருந்தது சவசவன்னு இருந்துச்சு. எறிஞ்சதுதான் ருசின்னு அப்புறம்தான் தெரிஞ்சுது. முதல்ல நான் சாப்பிடுறேன், நான் விழலைன்னா நீங்க சாப்பிடுங்க."

அவள் ஒன்றைக் கடித்து, மென்று, விழாமல் நின்றாள். யாரோ சிரித்தார்கள். அந்த அம்மாளும் சிரித்துக்கொண்டே ஓரத்தில் கொஞ்சம் கடித்தார். கண்ணை மூடினார். பிறகு துண்டு முழுவதும் வாய்க்குள் போயிற்று.

"பூண்டு இனிக்குதே" என்றார். "பெண்டாங் விருந்துக்கும் இது வேணும். மூடியில இருக்கிற இந்த ஆளையே கூப்பிடுங்க."

தட்டு கீழே வரும்போது சூப் இலைத் துணுக்கு மட்டும் ஒட்டியிருந்தது. ரஹ்மத் அண்ணன் அதைப் பார்த்துவிட்டு, "அடச்சே, என் பேரையே போட்டிருக்கலாம்" என்றார். பாய் முன்பக்கம் போய், ரோஜாக் கவுண்ட்டரின் மேல் கிடந்த சாக்குகளைத் தானே இறக்கினார்.

இப்போது அந்தக் கவுண்ட்டரில் டால்ச்சாவும் மீன் தலைக் கறியும் கிடைக்கும். சொல்லி வைத்தால் பூண்டு சீஸும் கிடைக்கும். கண்ணாடியின் உள்பக்கம், எண்ணெய்க் கறை படிந்த அந்த மூடிச் சீட்டை ஒட்டியிருக்கிறாள். கால் ஒன்று கொஞ்சம் சாய்ந்த 'லோகா'. அதற்கு மேலே ரஹ்மத் அண்ணன் கையெழுத்தில் தேதி: 17 ஜூன் 2023.