மலைக்குப் போன விண்ணப்பம்

புத்தூரில் ஒரு சின்ன பி.எட். கல்லூரியில் பாடம் நடத்துகிறேன். அலுவலக வேலையும் என் தலையில்தான். வருடாவருடம் கல்லூரிக்கான அனுமதியைப் புதுப்பிக்க வேண்டும். அந்த வருட விண்ணப்பத்தைக் கணினியில் ஏற்றித் தயாராக வைத்திருந்தேன். ஒரு பொத்தானை அழுத்துவதுதான் பாக்கி. தாளாளர் விடவில்லை.

"ஸ்வாமி பாதத்துல வெச்சிட்டு அனுப்பலாம்மா. எப்பவும் அப்படித்தானே பண்ணிக்கினு இருக்கோம்?"

நகலை எடுத்துக்கொண்டு திருமலைக்குப் போனார். தொடர் விடுமுறைக் கூட்டம். விண்ணப்பிக்கக் கடைசி நாள் சாயங்காலம் பொறுக்க முடியாமல் நானே பொத்தானை அழுத்தினேன். ஓடிபி அவருடைய செல்போனுக்குப் போனது. செல்போன் கோயில் கவுண்டரில் இருந்தது, அவர் கியூவில் இருந்தார். இறங்கி வருவதற்குள் இணையதளத்தை மூடிவிட்டார்கள். பெருமாள்மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. தாளாளர்மேல் இன்னும் கோபம் தீரவில்லை.

நகரிப் பக்கத்துப் பெண் ஒருத்தி எங்கள் கல்லூரியையே நம்பிக்கொண்டிருந்தாள். அவள் அப்பா விவசாயி. "திருப்பதிக்கெல்லாம் அனுப்ப மாட்டேன் மேடம். புத்தூருன்னா நானே வண்டியில இட்டுக்கினு வந்து உட்டுடுவேன்" என்று என்னிடமே கறாராகச் சொல்லியிருந்தார். அனுமதி இல்லையென்றால் அவள் படிப்பும் இல்லை.

உயர் நீதிமன்றத்துக்குப் போனோம். மனுவில் வக்கீல் 'தொழில்நுட்பக் கோளாறு' என்று எழுதினார். எனக்குச் சிரிக்கக்கூடத் தெம்பில்லை. ரேணிகுண்டாவில் ரயிலேறுவதும், எதிர்த்தரப்பு வாய்தா வாங்குவதும், வெறுங்கையோடு திரும்புவதுமாக மழைக்காலம் கழிந்தது. ஒவ்வொரு முறையும் அந்தப் பெண் போன் செய்வாள்.

"ஜட்ஜு என்னா சொன்னாரு மேடம்?"

"வாய்தாம்மா."

ஒருவழியாகத் தீர்ப்பு வந்தது. தாமதத்தை மன்னித்து, விண்ணப்பத்தைப் பரிசீலிக்கச் சொல்லியிருந்தார் நீதிபதி. தாளாளர் எல்லோருக்கும் லட்டு கொடுத்தார். பரிசீலிப்பது என்றால் அனுமதிப்பது இல்லை என்று அவருக்கு விளக்கிச் சொல்லும் பொறுமை எனக்கு இல்லை. பிறகு ஆய்வுக்கு வந்தார்கள், விளக்கம் கேட்டார்கள், நூலகத்தை இன்னொரு முறை பார்த்தார்கள். சேர்க்கை முடியப்போகும் நேரத்தில் அனுமதி கிடைத்தது. முதல் வேலையாக அந்தப் பெண்ணைப் போனில் கூப்பிட்டேன்.

"டூட்டிக்குப் போய்க்கினு இருக்கேன் மேடம். ஸ்ரீ சிட்டியில ஒரு கம்பெனில வேலைக்கு சேந்துட்டேன்."

"திருப்பதிக்கே அனுப்பாத மனுஷன் அங்கே எப்படிம்மா அனுப்பினார்?"

"கம்பெனி பஸ்ஸு ஊட்டாண்டயே வருது மேடம். எவ்ளோ நாளு சும்மா குந்திக்கினு இருக்கறது?"

வேலையை விட்டுவிட்டு வரச் சொன்னேன்.

"இனிமே நைனா ஒத்துக்க மாட்டாரு மேடம். தங்கச்சி டிகிரி கடைசி வருசம் படிக்கறா. அவளுக்காவது அப்ளிகேஷனை டைமுக்கு அனுப்பிடுங்க."

மறுநாள் காலையில் தாளாளர் முன்னால் போய் நின்றேன். ஓடிபி இனி என் செல்போனுக்கு வரட்டும், இப்போதே எண்ணை மாற்றிவிடலாம் என்றேன். அவர் மறுக்கவில்லை. பெரிதாகத் தலையாட்டினார்.

"தாராளமா மாத்தலாம்மா. ஒரு நல்ல நாளா பாரு."