என் அம்மாவுக்கு அவள் அழுத அழுகை

பொய் சொன்ன வாய்க்குப் போசனம் கிடையாது. எனக்கு அந்தப் பிரெஞ்சுக்காரியின்மேல் பொறாமைதான். பாரிஸில் இருவரும் ஒரே நிலவறையில்தான் நாடகம் பழகினோம். சனத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அவள் வெங்காயம் உரிப்பாள், அதைப் புதுமை என்பார்கள். நான் உரித்தால் அது சமையல். அவளுக்குப் புத்தகங்கள், பரிசுகள், நாடு நாடாக மேடை. எனக்குக் கலியாணம், பிறகு லண்டன் ஓரத்து இல்ஃபோர்ட், பிறகு என் மனிசனுடைய கடை. கொடுத்து வைத்தவள்!

போன மாதம் லண்டனுக்கு வந்தாள். தானே எழுதித் தனியாக நடிக்கும் நாடகம். போவதில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். கடைசியில் நானே டிக்கெட் எடுத்து, மனிசனையும் இழுத்துக்கொண்டு எலிசபெத் லைனில் ஏறினேன். நாடகம் படுத்துவிட வேண்டும் என்று ரயிலிலேயே பிள்ளையாருக்கு நேர்ந்துகொண்டேன்.

மேடையில் ஒரு பாய், ஒரு சின்னக் குத்துவிளக்கு. கண்டதுமே எனக்கு விளங்கிவிட்டது. ஊரில் அம்மா செத்தபோது கையில் விசா இல்லாமல் நான் பாரிஸ் அறையில் விளக்கேற்றிவிட்டுப் பாயில் இருந்தேன். ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை. இவள்தான் வந்து பக்கத்தில் இருந்தாள். எழும்பும்போது போய் வருகிறேன் என்று சொல்ல வாயெடுத்தாள். நான் தடுத்துவிட்டேன். செத்த வீட்டில் எங்கள் ஆட்கள் சொல்லிக்கொண்டு போவதில்லை, பேசாமல் எழும்பிப் போக வேண்டும் என்றேன்.

மேடையில் அவள் அழுதாள். நெஞ்சில் அடித்து, குரல் கிழிய, என் அம்மாவுக்கு அழுதாள். கதையை எடுத்ததற்காக நான் எரியவில்லை, கதைதானே, எடுக்கட்டும். எனக்கு வராத அழுகை அவளுக்கு எப்படி வந்தது? பக்கத்தில் என் மனிசன் லேஞ்சியால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். தன்னைப் பெற்ற தாய் செத்த செய்திக்குக்கூட இவர் இப்படி அழுததில்லை.

முடிவில் அவள் எழும்பி, கும்பிடாமல், திரும்பிப் பாராமல் போய்விட்டாள். சனம் கைதட்டிக்கொண்டே இருந்தது, அவள் வரவேயில்லை. என்ன துணிச்சலான முடிவு என்று பின்வரிசையில் யாரோ வியந்தார்கள். துணிச்சலாம்! எங்கள் ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த பழக்கம் அது.

வெளியே கூடத்தில் என்னைக் கண்டதும் ஓடிவந்து கட்டிப்பிடித்தாள். சரியாகச் செய்தேனா என்று பிரெஞ்சில் கேட்டாள். சரியாகத்தான் செய்திருந்தாள், அதுதானே என் வயிற்றெரிச்சல். ஓம் என்று தமிழிலேயே சொன்னேன். அதற்குள் வேறு ஆட்கள் அவளைச் சூழ்ந்துகொண்டார்கள். நான் கோட்டை மாட்டிக்கொண்டு வாசலுக்கு நடந்தேன்.

"என்னப்பா இது, அவவிட்டச் சொல்லிப்போட்டு வாருமன்," என்றார் மனிசன்.

"செத்த வீட்டில சொல்லிக்கொண்டு வெளிக்கிடுறேல்லை."

தெருவுக்கு வந்த பிறகுதான் எனக்கு அழுகை வந்தது. அம்மா போய் இத்தனை வருசத்துக்குப் பிறகு, லண்டன் தெருவில் நின்று ஓவென்று அழுதேன். மனிசன் பதறிப்போய் லேஞ்சியை எடுத்து நீட்டினார். அது அவள் நடிப்புக்கு அவர் அழுததிலேயே நனைந்திருந்தது.